தொங்கும் வடத்தைத் தூக்க எவ்வளவு வேலை? மாணவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

புதுவண்ணாரப்பேட்டையில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் மாலை நேரங்களில் பிளஸ் ஒன், பிளஸ் டூ பிள்ளைகளுக்கும் பொறியியல் முதலாண்டு மாணவர்கள் சிலருக்கும் கணிதமும் இயற்பியலும் சொல்லித் தருகிறேன். ‘வேலை, ஆற்றல் மற்றும் திறன்’ பாடத்தில் சாய்தளம், சுருள்வில் எல்லாவற்றையும் தாண்டி வந்துவிடுபவர்கள் தொங்கும் வடத்தைக் கண்டதும் நின்றுவிடுகிறார்கள். ஆண்டுதோறும் அதே சந்தேகங்கள், ஏறக்குறைய அதே சொற்களில். அவற்றைக் குறித்து வைத்த நோட்டிலிருந்து இந்தப் பக்கத்தைத் தொகுத்திருக்கிறேன்.

பாடத்துக்கு என்னிடம் ஒரு பழைய நைலான் வடம் இருக்கிறது. மீன்பிடித் தடைக்காலமான ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாளும் காசிமேட்டில் படகுகளைப் பழுதுபார்ப்பார்கள். அப்போது கழித்துப் போட்ட வடம் இது. ஒரு மாணவனின் அப்பா கொண்டுவந்து கொடுத்தார். கட்டைவிரலைவிடத் தடிமன், நீளம் 10 மீட்டர், நிறை 5 கிலோ. மாடியின் கைப்பிடிச் சுவரிலிருந்து கீழே விட்டால் நுனி தெருவுக்கு ஒரு முழம் மேலே நிற்கும். வேறு எதுவும் சொல்லாத இடங்களில் கணக்கு இந்த வடத்துக்கானது. ஈர்ப்பு முடுக்கத்தை 10 என்று எடுத்திருக்கிறேன், 9.8 வேண்டும் என்பவர்கள் விடையை 0.98 ஆல் பெருக்கிக்கொள்ளலாம்.

சார், ஒரு கேள்வித்தாளில் கயிறு, இன்னொன்றில் சங்கிலி, வேறொன்றில் கேபிள் என்று வருகிறது. எல்லாவற்றுக்கும் ஒரே கணக்கா?

ஒரே கணக்குதான். தேர் இழுக்கிற வடமாக இருந்தாலும் கிரேனின் இரும்புக் கம்பி வடமாக இருந்தாலும், ஒரு மீட்டருக்கு எத்தனை கிலோ, எத்தனை மீட்டர் தொங்குகிறது என்ற இரண்டும் தெரிந்தால் போதும். நீளம் இழுபடாது, தடிமன் முழுதும் ஒரே சீர் என்று கேள்வி மௌனமாக எடுத்துக்கொள்கிறது. சீராக இல்லாவிட்டால் என்ன செய்வது என்பதைப் பின்னால் ஈர வடத்தில் பார்ப்போம்.

வேலை என்றால் விசை × தூரம். 5 கிலோ என்றால் 50 நியூட்டன், தூரம் 10 மீட்டர். 500 ஜூல் என்று போட்டால் ஏன் தப்பு?

500 ஜூல் என்பது முழு 5 கிலோவும் 10 மீட்டர் ஏறினால் வரும் விடை. தெருவில் இருக்கும் 5 கிலோ அரிசிப் பையை மாடிக்கு இழுத்தால் அதுதான் சரி. பையில் இருக்கும் ஒவ்வொரு அரிசியும் 10 மீட்டர் ஏறுகிறது. வடம் அப்படி இல்லை. கைப்பிடிச் சுவருக்குப் பக்கத்தில் இருக்கும் துண்டு ஏற்கெனவே மேலேதான் இருக்கிறது. அது ஒரு சாண் ஏறினால் மாடிக்கு வந்துவிடும். தெருப் பக்கத்து நுனி மட்டும்தான் முழு 10 மீட்டரும் பயணம் செய்கிறது. நடுவில் இருப்பது 5 மீட்டர்.

ஆகவே இந்தக் கணக்கைத் தொடும்போது முதலில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இந்தத் துண்டு எவ்வளவு தூரம் ஏறியது? அதை ஒவ்வொரு துண்டிடமும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். கீழே வரும் எல்லாப் பதில்களும் இந்தக் கேள்வியிலிருந்துதான் பிறக்கின்றன.

நம்ப முடியவில்லை. இழுக்க இழுக்க விசை குறைகிறது என்பதைக் கண்ணால் பார்க்க முடியுமா?

பார்க்கலாம். வடத்தில் மீட்டருக்கு ஒன்றாக நூல் கட்டிக் கண்ணி போட்டு வைத்திருக்கிறேன். மீன்காரர்கள் கொக்கியில் மாட்டி நிறுக்கும் முள் தராசை முதல் கண்ணியில் மாட்டித் தூக்கினால், முள் சற்று நேரம் ஆடி 5 கிலோவில் நிற்கும். ஒரு மீட்டர் இழுத்துச் சுவருக்கு உள்ளே போட்டுவிட்டு அடுத்த கண்ணியில் மாட்டினால் 4.5. அடுத்து 4. இப்படியே இறங்கி, கடைசி மீட்டரில் முள் அரைக் கிலோவில் நிற்கும்போது, அதுவரை தராசை இரண்டு கையால் பிடித்திருந்த பிள்ளை ஒரு விரலில் பிடித்துக்கொண்டு சிரிப்பான். அந்தச் சிரிப்புக்குப் பிறகு 500 என்று யாரும் எழுதியதில்லை.

முள் 5 இலிருந்து 0 வரை சீராக இறங்குகிறது. சராசரி 2.5 கிலோ, அதாவது 25 நியூட்டன். 25 × 10 = 250 ஜூல். இதுதான் விடை.

சரி, சராசரி போட்டாலே விடை வந்துவிட்டதே. தொகையிடல் எதற்கு?

தராசுப் படிகளையே எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு மீட்டரின் தொடக்கத்திலும் இருந்த விசை 50, 45, 40 என்று 5 வரை போகிறது. அந்த மீட்டர் முழுதும் அதே விசை என்று வைத்துக் கூட்டினால் 275 ஜூல். இது கூடுதல், ஏனென்றால் இழுக்கும்போதே விசை குறைந்துகொண்டிருந்தது. மீட்டரின் முடிவில் இருந்த விசையை வைத்துக் கூட்டினால் 45 முதல் 0 வரை, 225 ஜூல். இது குறைச்சல். உண்மை இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. கண்ணியை 10 சென்டிமீட்டருக்கு ஒன்றாகப் போட்டால் இரண்டு எண்களும் 252.5, 247.5 என்று நெருங்கிவரும். கண்ணிகளை இன்னும் இன்னும் நெருக்கினால் இரண்டும் 250 இல் போய்ச் சேரும். அப்படிச் சேரும் இடத்தை ஒரே அடியில் கண்டுபிடிப்பதற்குப் பெயர்தான் தொகையிடல்.

சராசரி இங்கே பலித்ததற்குக் காரணம் விசை நேர்கோடாக இறங்கியதுதான். நேர்கோடாக இறங்காத கணக்குகள் வரும். அப்போது சராசரி கைவிட்டுவிடும், தொகையிடல் கைவிடாது.

ஆழத்தை மேலிருந்து அளப்பதா, கீழிருந்து அளப்பதா? ஒவ்வொரு புத்தகத்தில் ஒவ்வொரு மாதிரி இருக்கிறது.

எங்கிருந்து வேண்டுமானாலும் அளக்கலாம். நடுவில் மாற்றக் கூடாது. வழி இரண்டு இருக்கிறது. முதல் வழி துண்டைப் பின்தொடர்வது. சுவரிலிருந்து ஏதோ ஓர் ஆழத்தில் ஒரு சிறு துண்டு. மீட்டருக்கு 5 நியூட்டன். அது ஏறும் தூரம் அதன் ஆழமே. ஆகவே ‘5 × ஆழம்’ என்பதை 0 முதல் 10 வரை தொகையிடுகிறோம்: 5 × 10² ÷ 2 = 250. இரண்டாவது வழி கையைப் பின்தொடர்வது. இதுவரை எவ்வளவு இழுத்தோமோ அந்த அளவு எடை குறைந்திருக்கும். ‘50 − 5 × இழுத்த தூரம்’ என்பதை 0 முதல் 10 வரை தொகையிட்டால் 500 − 250 = 250.

தவறு நடப்பது இரண்டையும் கலக்கும்போதுதான். ஆழத்தை மேலிருந்து அளந்துவிட்டு, துண்டு ஏறும் தூரத்தை ‘10 − ஆழம்’ என்று எழுதுவார்கள். சீரான வடத்தில் அதற்கும் 250 தான் வரும். தப்பு வெளியே தெரியாது. சீரில்லாத வடத்தில் விடை தலைகீழாகிவிடும். அதனால் கணக்கைத் தொடங்கும் முன் ஒரு படம் போட்டு, பூஜ்ஜியம் எங்கே என்று எழுதிவையுங்கள். நான் திருத்தும் தாள்களில் அந்தப் படத்துக்குத் தனி மதிப்பெண் தருகிறேன்.

நிறை மையம் 5 மீட்டர் ஏறியது, 50 × 5 = 250 என்று ஒரே வரியில் முடித்துவிடலாமா?

முடிக்கலாம், அது முழுக்கச் சரியான வழி. சீரான வடத்தின் நிறை மையம் நடுவில் இருக்கிறது. இழுத்து முடித்ததும் மொத்த வடமும் மாடி மட்டத்தில் கிடக்கிறது. ஆக மையம் 5 மீட்டர் ஏறியிருக்கிறது. நிலையாற்றல் எவ்வளவு கூடியதோ அவ்வளவு வேலை.

ஆனால் கேள்வி ‘தொகையிடல் மூலம் காண்க’ என்று கேட்டால் தொகையிட்டுத்தான் காட்ட வேண்டும். ஒற்றை வரியைச் சரிபார்ப்பதற்கு வைத்துக்கொள்ளுங்கள்.

பாதி வடத்தை இழுத்தால் பாதி வேலைதானே?

இல்லை, முக்கால் வேலை. முதல் 5 மீட்டர் இழுக்கும்போது விசை 50 இலிருந்து 25 வரை இறங்குகிறது, சராசரி 37.5, வேலை 187.5 ஜூல். மீதி 5 மீட்டருக்கு 62.5 ஜூல்தான். துண்டுகளைக் கேட்டாலும் இதையே சொல்லும். மேல் பாதி 2.5 கிலோ சராசரியாக 2.5 மீட்டர் ஏறியது, 62.5 ஜூல். கீழ்ப் பாதி இன்னும் தொங்கிக்கொண்டிருந்தாலும் முழுதாக 5 மீட்டர் ஏறிவிட்டது, 125 ஜூல். கூட்டினால் 187.5. பலரும் மறப்பது இந்தக் கீழ்ப் பாதியைத்தான். கைக்கு வராததால் அது நகரவில்லை என்று நினைத்துவிடுகிறார்கள்.

வடம் கொடுத்த அந்த அப்பாவிடம் இதைச் சொன்னபோது அவருக்கு வியப்பே இல்லை. முதல் சில பாகம் வருவதற்குத்தான் தோள் பிடித்துக்கொள்ளும், பிறகு தானாக வரும் என்றார். பாகம் என்பது இரு கைகளையும் விரித்தால் வரும் நீளம், சுமார் 1.8 மீட்டர், கடலின் ஆழத்தை மீனவர்கள் அதில்தான் சொல்வார்கள்.

மேசையின் மேல் சங்கிலி கிடக்கிறது, மூன்றில் ஒரு பங்கு தொங்குகிறது. தொங்குவதை மேலே இழுக்க வேலை? இது ஒவ்வொரு நுழைவுத் தேர்விலும் வருகிறதே.

மேசை மேல் கிடக்கும் பகுதி உயரம் மாறவில்லை. மேசை வழுவழுப்பானது என்றால் அதை மறந்துவிடலாம். தொங்குவதன் நிறை மொத்தத்தில் மூன்றில் ஒன்று. அதன் மையம் ஏறுவது தொங்கும் நீளத்தில் பாதி, அதாவது முழு நீளத்தில் ஆறில் ஒன்று. பெருக்கினால்: மொத்த எடை × முழு நீளம் ÷ 18.

18 ஐ மனப்பாடம் செய்யாதீர்கள். நிறையில் ஒரு மூன்று, நீளத்தில் ஒரு மூன்று, மையத்துக்காக ஓர் இரண்டு. நான்கில் ஒரு பங்கு தொங்கினால் 4 × 4 × 2 = 32. இப்படித் தெரிந்துகொண்டால் எந்தப் பங்கைக் கேட்டாலும் பயமில்லை.

நுனியில் பக்கெட் கட்டியிருந்தால்? பக்கெட்டில் ஓட்டை இருந்தால்?

வடம், பக்கெட், தண்ணீர் மூன்றையும் தனித்தனியாகப் போட்டுக் கூட்டுங்கள். 10 மீட்டர் ஆழக் கிணறு, 1 கிலோ பக்கெட், 14 லிட்டர் தண்ணீர் என்று வைத்துக்கொள்வோம். பக்கெட் முழுத் தூரமும் ஏறுகிறது: 100 ஜூல். தண்ணீர் 1400 ஜூல். வடம் எப்போதும்போல் 250. மொத்தம் 1750.

ஓட்டைப் பக்கெட்டில் தண்ணீர் சீராக ஒழுகி, மேலே வரும்போது 7 லிட்டர்தான் மிச்சம் என்றால், தண்ணீரின் சராசரி 10.5 கிலோ, 1050 ஜூல், மொத்தம் 1400. இதில் ஒரு கண்ணி இருக்கிறது. ‘மீட்டருக்கு இவ்வளவு ஒழுகுகிறது’ என்றால் நேராகப் போடலாம். ‘நொடிக்கு இவ்வளவு’ என்றால் இழுக்கும் வேகம் தெரியாமல் விடை கிடையாது. மெதுவாக இழுத்தால் பாதி வழியிலேயே பக்கெட் காலியாகிவிடலாம். கேள்வியில் வேகம் எங்கே கொடுத்திருக்கிறார்கள் என்று முதலில் தேடுங்கள்.

கிணற்றில் கப்பி தலைக்கு மேலே இருக்கிறது. கயிறு கப்பிவரை ஏறிப் பிறகு கைக்கு இறங்குகிறது. அந்தக் கூடுதல் உயரத்துக்கும் வேலை சேர்க்க வேண்டாமா?

நல்ல கேள்வி, இதை யோசித்துக் கேட்பவர்கள் குறைவு. கப்பி கிணற்று வாயிலிருந்து 2 மீட்டர் உயரத்தில் இருந்தால் ஒவ்வொரு துண்டும் அந்த 2 மீட்டர் ஏறுகிறது, பிறகு உங்கள் பக்கத்தில் அதே 2 மீட்டர் இறங்குகிறது. ஏறும்போது வாங்கிய வேலையை இறங்கும்போது திருப்பித் தந்துவிடுகிறது. இழுத்த கயிறு கிணற்று வாய் மட்டத்திலேயே காலடியில் சேர்கிறது என்றால் கப்பியின் உயரம் கணக்கிலேயே வராது.

ஒற்றைக் கப்பி வேலையைக் குறைப்பதும் இல்லை. கீழ்நோக்கி இழுக்க வசதி செய்து தருகிறது, நம் உடல் எடை உதவிக்கு வருகிறது, அவ்வளவுதான். கப்பி துருப்பிடித்துக் கிறீச்சிட்டால் உராய்வுக்காக வேலை கூடும்.

வடத்தைப் பிடித்துக்கொண்டு சும்மா நின்றாலே கை வலிக்கிறது. வேலை பூஜ்ஜியம் என்றால் எப்படி?

வடத்தின் மேல் செய்யப்பட்ட வேலை பூஜ்ஜியம், அது நகரவில்லை. உங்கள் தசைக்குள் இழைகள் இடைவிடாமல் சுருங்கி விரிந்து ஆற்றலைச் செலவழிக்கின்றன. அது வெப்பமாகப் போகிறது. சுவரில் ஓர் ஆணியில் மாட்டினால் ஆணிக்கு எந்தச் செலவும் இல்லை. இயற்பியல் கேட்கும் வேலை வடத்தின் கணக்கு, உடம்பின் கணக்கு அல்ல.

வடத்தின் கீழ்ப் பாதி நனைந்திருக்கிறது. அப்போதும் நடுவில் மையம் என்று போடலாமா?

போடக் கூடாது. கிணற்றுக் கயிற்றில் இது எப்போதும் நடப்பது. மேல் 5 மீட்டர் காய்ந்தது, மீட்டருக்கு 0.5 கிலோ, கீழ் 5 மீட்டர் நனைந்தது, மீட்டருக்கு 0.8 கிலோ என்று கொள்வோம். காய்ந்த பகுதி 2.5 கிலோ, சராசரியாக 2.5 மீட்டர் ஏறும்: 62.5 ஜூல். நனைந்தது 4 கிலோ, சராசரியாக 7.5 மீட்டர் ஏறும்: 300 ஜூல். மொத்தம் 362.5.

மொத்த 6.5 கிலோவையும் 5 மீட்டரால் பெருக்கியவர்களுக்கு 325 வரும். கனமான பகுதி கீழே இருப்பதால் மையம் நடுவுக்குக் கீழே போய்விட்டது. ஈரம் படிப்படியாகக் கூடிக்கொண்டே போனால் இப்படி இரண்டாகப் பிரிக்கவும் முடியாது. முன்பு சொன்ன முதல் வழியில், மாறும் அடர்த்தியை ஆழத்தால் பெருக்கித் தொகையிட வேண்டும். பூஜ்ஜியத்தை எங்கே வைத்தோம் என்பது உயிர்நாடியாவது இங்கேதான்.

தொங்கும் சங்கிலியின் கீழ் நுனியை மட்டும் தூக்கி, மேல் நுனி இருக்கும் ஆணியிலேயே மாட்டினால்?

சங்கிலி இரண்டாக மடிந்து தொங்கும். மேல் பாதி அசையவே இல்லை. கீழ்ப் பாதி மட்டும் மேலே வந்து மேல் பாதிக்கு இணையாகத் தொங்குகிறது. அதன் மையம் முன்பு 7.5 மீட்டர் ஆழத்தில், இப்போது 2.5 மீட்டர் ஆழத்தில். 25 நியூட்டன் × 5 மீட்டர் = 125 ஜூல். முழு வேலையில் சரிபாதி. தூக்கிய நுனி 10 மீட்டர் ஏறியது. மடிப்பு விழுந்த நடுப்புள்ளி சிறிதும் ஏறவில்லை.

நங்கூரச் சங்கிலி கடலுக்குள் இருக்கிறது. வளைந்தும் இருக்கிறது. அதற்கும் இதே கணக்கா?

எண்ணூருக்கு எதிரே கப்பல்கள் நங்கூரமிட்டு நிற்பதைக் கரையிலிருந்து பார்த்திருப்பீர்கள். அவற்றின் சங்கிலி நேராகத் தொங்காது. ஒரு பகுதி கடலடியில் படுத்திருக்கும், மீதி வளைந்து ஏறும். அந்த வளைவின் சமன்பாட்டை 1691 இல் லைப்னிட்ஸ், ஹைகன்ஸ், யோஹான் பெர்னூலி மூவரும் கண்டுபிடித்தார்கள். ஆனால் வேலைக்கு வளைவு தேவையில்லை. ஈர்ப்பு விசை ஆற்றல் மாற்றா விசை. ஒவ்வொரு கண்ணியும் எந்த உயரத்திலிருந்து எந்த உயரத்துக்கு வந்தது என்பது மட்டும் போதும். கடலடியில் படுத்திருந்த கண்ணிகள் எல்லாம் முழு ஆழமும் ஏறுகின்றன, அவற்றுக்குப் பாதி கிடையாது.

தண்ணீர் ஒரு மாற்றம் செய்கிறது. எஃகின் அடர்த்தி கன மீட்டருக்குச் சுமார் 7850 கிலோ, கடல்நீர் 1025. மிதப்பு விசை எடையில் 13 சதவீதத்தைத் தாங்கிக்கொள்கிறது. கப்பல்காரர்கள் சங்கிலியை ஷாக்கிள் கணக்கில் சொல்வார்கள். ஒரு ஷாக்கிள் 27.5 மீட்டர், நம் கணக்கில் 15 பாகம். மீட்டருக்கு 100 கிலோ உள்ள சங்கிலி ஒரு ஷாக்கிள் நேராகத் தொங்கினால், காற்றில் 27,500 × 13.75, சுமார் 3.78 லட்சம் ஜூல். நீர்மட்டம்வரை நீருக்குள்ளேயே ஏறினால் அதில் 87 சதவீதம், சுமார் 3.29 லட்சம். நீர்மட்டத்துக்கு மேலே தளம்வரை ஏறும் தூரத்துக்கு முழு எடையைப் போட வேண்டும். நைலானின் அடர்த்தி 1140 தான். என் 5 கிலோ வடம் கடலுக்குள் ஏறக்குறைய அரைக் கிலோதான் கனக்கும்.

தரையில் குவிந்து கிடக்கும் சங்கிலியின் நுனியைப் பிடித்து 10 மீட்டர் தூக்கினாலும் 250 தானா? வேகமாகத் தூக்கினால்?

5 கிலோ, 10 மீட்டர் சங்கிலியை மெதுவாகத் தூக்கினால் 250 தான். இங்கே தலைகீழ்: மேல் நுனி 10 மீட்டர் ஏறுகிறது, கடைசிக் கண்ணி ஏறவே இல்லை. விசை பூஜ்ஜியத்தில் தொடங்கி 50 இல் முடிகிறது.

வேகமாகத் தூக்கினால் கதை மாறுகிறது. நொடிக்கு 4 மீட்டர் என்ற மாறாத வேகத்தில் இழுப்பதாகக் கொள்வோம். ஓய்வில் கிடந்த ஒவ்வொரு கண்ணிக்கும் திடீரென்று அந்த வேகத்தைக் கொடுக்க வேண்டும். அதற்கான கூடுதல் விசை, மீட்டருக்கான நிறை × வேகத்தின் வர்க்கம்: 0.5 × 16 = 8 நியூட்டன். 10 மீட்டருக்கு 80 ஜூல். ஆக மொத்தம் 330.

இப்போது சங்கிலியின் இயக்க ஆற்றலைப் பாருங்கள்: 5 × 16 ÷ 2 = 40 ஜூல். கொடுத்தது 80, கிடைத்தது 40. மிச்ச 40 எங்கே என்று கேட்டு ஒரு மாணவி மறுநாள்வரை என்னை விடவில்லை. இரும்புச் சங்கிலி ஒன்றை வாளியில் குவித்து வேகமாக உருவச் சொன்னேன். கண்ணிகள் ஒன்றையொன்று வெடுக்கென்று இழுத்துச் சடசடவென்று ஒலித்தன. ஓடும் கண்ணி நிற்கும் கண்ணியைப் பிடித்திழுப்பது, இரண்டு வண்டிகள் மோதி ஒட்டிக்கொண்டு போவது போன்ற மீட்சியற்ற மோதல். அதில் இழந்த ஆற்றல் ஒலியாகவும் வெப்பமாகவும் போகிறது. புத்தகம் ‘மெதுவாக’ என்ற ஒரு சொல்லைக் கேள்வியில் போடுவது இந்த 80 ஜூலை விலக்கத்தான்.